மற்றப் பதினொரு பேர் எங்கே? கற்பனை உலகங்கள் படைக்கும் தமிழர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புக்குரிய எழுத்தாளர்களே, ஓவியர்களே, கணினி விளையாட்டுகளை ஆக்குபவர்களே,

வணக்கம். நான் இலங்கையின் வன்னியில், ஒட்டுசுட்டானுக்கு அருகில் உள்ள ஒரு சிறிய பாடசாலையில் கணிதம் படிப்பிக்கிறேன். சனிக்கிழமைகளில் பன்னிரண்டு பிள்ளைகள் எங்கள் வளவில் நிற்கும் மாமரத்தின் கீழ் கூடுவார்கள். வாசிப்போம், கதை சொல்வோம். இரண்டு ஆண்டுகளாக எல்லோரும் சேர்ந்து ஓர் உலகத்தைக் கட்டிக்கொண்டிருக்கிறோம். அதன் முதற் கதையைச் சிறு நூலாக்க ஒருவர் முன்வந்தார். அட்டைப்படமும் வந்தது. நீல இருட்டில் ஒளிரும் ஒரு பெரிய வட்டம், அதற்குள் கூர்முனைகள் கொண்ட ஒரு நட்சத்திரம், சுற்றிவர எந்த மொழிக்கும் சொந்தமில்லாத எழுத்துகள், வட்டத்தின் மேல் வெள்ளைப் புள்ளிகள். பார்க்க அழகாகத்தான் இருந்தது. பிள்ளைகள் என் கைபேசியைச் சுற்றி நின்று பார்த்தார்கள். ஏழாம் தரத்தில் படிக்கும் ஒருத்தி விரலை வைத்துப் புள்ளிகளை எண்ணினாள்.

"ரீச்சர், இதில் இருபத்துநான்குதான் இருக்கிறது. மற்றப் பதினொரு பேர் எங்கே?"

நூலைப் பதிப்பிக்க முன்வந்தவரிடம் அந்தக் கேள்வியை அப்படியே கொண்டுபோனேன். அவர் நல்ல மனிதர். பிள்ளைகளுக்காகத் தன் கைப்பணத்தைப் போட வந்தவர். "இது கற்பனைதானே, யார் எண்ணப் போகிறார்கள்?" என்று கேட்டார். அவரோடு எனக்கு மனத்தாங்கல் இல்லை. ஆனால் அந்தக் கேள்வியை அவர் தானாக உண்டாக்கவில்லை. தமிழில் வருகிற மாயக் கதைகளிலும் விளையாட்டுகளிலும் வரைகதைகளிலும் அதே எண்ணத்தை நான் பல முறை பார்த்திருக்கிறேன். ஆகவே உங்கள் எல்லோருக்குமாக எழுதுகிறேன்.

முதலில் எங்கள் உலகத்தைச் சொல்லிவிடுகிறேன்.

அது குளங்களால் ஆன நாடு. வன்னிப் பிள்ளைகள் ஓர் உலகம் படைத்தால் வேறு எப்படி இருக்கும்? ஒரு குளம், அது நிரம்பி வழியும் வான் பாய்ந்து நிறையும் இன்னொரு குளம், அதற்குக் கீழே மற்றொன்று. அங்கே தண்ணீருக்கு ஒரு குணம் உண்டு. யாருக்காக நிற்கிறோம் என்பதை அது மறந்துவிட்டால், இரவில் எழுந்து நடந்து போய்விடும். விடியும்போது அலைகரையில் ஈரமும் நத்தை ஓடுகளும் மட்டும் கிடக்கும். அதனால் ஒவ்வொரு நாளும் பொழுதுபடும் நேரத்தில் குளக்கட்டின் மேல் அரிசிமாவால் ஒரு கோலம் போட வேண்டும். ஊரில் உயிரோடிருக்கும் ஒவ்வொருவருக்கும் ஒரு புள்ளி. நேற்றுப் பிறந்த குழந்தைக்கும் ஒன்று, பாயை விட்டு எழும்ப முடியாத கிழவருக்கும் ஒன்று. புள்ளிகள் நிரையும் நிரலுமாக ஒரு செவ்வகத்தில் அமைய வேண்டும், நடுவில் வெற்றிடம் விடக் கூடாது. பிறகு ஒரே இழை எல்லாப் புள்ளிகளையும் சுற்றி வளைந்தோடி, தொடங்கிய இடத்துக்கே திரும்பி வந்து மூட வேண்டும். மூடினால் தண்ணீர் நிற்கும். காலைக்குள் எறும்புகள் மாவைத் தின்று முடித்துவிடும். மாலையில் மறுபடியும் போட வேண்டும். இதற்குப் பிள்ளைகள் வைத்த பெயர் நீர்க்கட்டு.

புள்ளிக்கு ஓர் ஆள் என்ற விதி பிள்ளைகளுடையது. நான் சொல்லிக் கொடுத்ததல்ல. அந்த விதியை வைத்த அன்றே அது அவர்களைக் கணக்குக்குள் இழுத்துப் போட்டுவிட்டது.

முதலில் ஊரில் பதினாறு பேர் என்று வைத்துக்கொண்டார்கள். நாலுக்கு நாலு. முற்றத்து மணலில் புள்ளி வைத்து, சிக்குக் கோலத்தின் முறைப்படி இழையை ஓடவிட்டார்கள். அது இரண்டு புள்ளிகளுக்கு நடுவே சாய்வாகக் கடந்து போகும், ஓரத்துக்கு வந்ததும் வளைந்து திரும்பும். சிறிது தூரம் ஓடிய இழை பாதிப் புள்ளிகளைக்கூடச் சுற்றாமல் தொடங்கிய இடத்துக்கே வந்துவிட்டது. மிச்சத்துக்கு இன்னோர் இழை தேவைப்பட்டது. பிறகு இன்னொன்று, பிறகும் ஒன்று. நான்கு இழைகள் ஒன்றையொன்று வெட்டிக்கொண்டு ஓடின, ஒன்றோடொன்று சேரவில்லை. "ஊர் நாலாகப் பிரிந்துவிட்டது" என்றான் ஒரு பையன். மூன்றுக்கு நாலு வைத்தார்கள், ஒரே இழையில் மூடியது. மூன்றுக்கு மூன்று வைத்தார்கள், மூன்று இழைகள். நாலுக்கு ஆறு வைத்தார்கள், இரண்டு.

விடை எனக்குத் தெரியும். நாக்கைக் கடித்துக்கொண்டு மூன்று சனிக்கிழமைகள் இருந்தேன். மூன்றாம் சனிக்கிழமை, பாடசாலையில் அந்தக் கணக்கே பிடிக்காது என்று கொப்பியை மூடிவைக்கிற ஒருவன், வெண்கட்டியைத் தூக்கிப் போட்டுவிட்டுக் கத்தினான்: "பொதுக் காரணிகளுட் பெரியது!" அதுதான். நிரைகளின் எண்ணுக்கும் நிரல்களின் எண்ணுக்கும் உள்ள பொதுக் காரணிகளுட் பெரியது, அதாவது இரண்டையும் மீதியின்றி வகுக்கும் மிகப் பெரிய எண் எதுவோ, அத்தனை இழைகள் வரும். ஐந்துக்கும் ஏழுக்கும் பொதுக் காரணி ஒன்றுதான். ஆகவே முப்பத்தைந்து பேர் உள்ள ஊர் ஒரே இழையில் மூடும். எங்கள் கதையில் முப்பத்தைந்து பேர் இருப்பது இதனால்தான். அட்டையில் காணாமல் போன பதினொரு பேரின் கதையும் இதுதான்.

இந்த விதி எங்கள் மாமரத்தடியில் பிறந்ததல்ல. அங்கோலாவின் சொக்வே மக்கள் மணலில் வரையும் சோனா வடிவங்களிலும் இதே ஒழுங்கு இருக்கிறது. மொசாம்பிக்கில் வாழ்ந்த கணித அறிஞர் பவுலுஸ் கெர்டெஸ் அதைப் பற்றி விரிவாக எழுதியிருக்கிறார். நம் கோலங்களை 1970களிலேயே சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் கிஃப்ட் சிரோமணியும் அவரோடு சேர்ந்தவர்களும் கணினி அறிவியலின் இலக்கணமாக ஆராய்ந்தார்கள். ஒரு மொழிக்கு இலக்கணம் எழுதுவதைப் போலக் கோலத்துக்கு இலக்கணம் எழுத முடியும் என்று காட்டினார்கள். வாசலில் குனிந்து நிற்கும் ஒரு பெண்ணின் விரல் நுனியில் இத்தனை பெரிய அறிவு இருக்கிறது. அதை விட்டுவிட்டு, எங்கோ வரைந்த ஒளிவட்டத்தை எடுத்து ஒட்டுகிறோம். எனக்கு வயிறு எரிகிறது.

இன்னும் ஒன்றைப் பிள்ளைகள் கண்டுபிடித்தார்கள். ஊர் பல இழைகளாகப் பிரிந்துபோனால் அதைச் சேர்க்க வழி உண்டு. இரண்டு வெவ்வேறு இழைகள் ஒன்றையொன்று வெட்டும் ஓர் இடத்தைப் பார்த்து, அங்கே வெட்டவிடாமல் இரண்டையும் வளைத்துத் திருப்பிவிட்டால், அந்த இரண்டும் ஒரே இழையாகிவிடும். வெட்டும் இடம் எப்போதும் அடுத்தடுத்த இரண்டு புள்ளிகளுக்கு நடுவில்தான் இருக்கும். புள்ளி என்றால் ஆள். ஆகவே அந்த இருவருக்கும் நடுவே எதுவோ ஒன்று அகற்றப்பட வேண்டும் என்று பிள்ளைகள் விதி வைத்தார்கள். ஒரு கடன், பழைய வழக்கு, எல்லை வேலி. வேலிக்காகத் தலைமுறை தலைமுறையாகப் பேசாமல் இருக்கும் வீடுகளை அவர்கள் பார்த்துத்தான் வளர்கிறார்கள். கதையில் அந்த இருவர் வேலிக் கதியால்களைப் பிடுங்கி எறிந்துவிட்டுக் குளக்கட்டுக்கு வருகிறார்கள், அவர்களுடைய இரண்டு புள்ளிகளையும் இழை ஒரே வளைவுக்குள் எடுத்துக்கொள்கிறது. இடத்தைத் தவறாகத் தெரிவுசெய்து, ஒரே இழை தன்னைத் தானே வெட்டும் இடத்தில் திருப்பினால், இருந்த ஒற்றுமையும் உடைந்து இழை இரண்டாகிவிடக்கூடும். அந்த அத்தியாயத்தை எழுதியவளுக்குப் பதின்மூன்று வயது.

இனி, நான் எழுதத் தயங்கிய பகுதிக்கு வருகிறேன்.

ஒரு சனிக்கிழமை, கதையில் வரும் ஊரிலிருந்து ஒருவர் காட்டுக்குள் போய்த் திரும்பி வரவில்லை என்று எழுதியிருந்தார்கள். அன்று மாலை நீர்க்கட்டுப் போட வேண்டும். அவருக்குப் புள்ளி வைப்பதா, விடுவதா? இந்தக் கேள்வியை வன்னியில் யாரும் விளையாட்டாகக் கேட்பதில்லை. அந்தப் பன்னிரண்டு பேரும் போர் முடிந்த 2009க்குப் பின் பிறந்தவர்கள். ஆனால் சுவரில் மாலை போடாத ஒரு படம் அவர்களில் பலருடைய வீடுகளில் இருக்கிறது. மாமாவின் படம், சித்தப்பாவின் படம், பெரியம்மாவின் மகனின் படம். மாலை போட்டால் இறந்துவிட்டார் என்று ஒப்புக்கொண்டதாகிவிடும் என்பதால் வெறும் படம். 2017 பெப்ரவரியில் கிளிநொச்சி கந்தசுவாமி கோயிலுக்கு முன்னால் காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவுகள் கொட்டகை போட்டு உட்கார்ந்தபோது, அம்மம்மாவின் மடியில் இருந்து பார்த்த பிள்ளையும் எங்கள் மாமரத்தடியில் இருக்கிறாள்.

அவர்கள் கணக்குப் போட்டுப் பார்த்தார்கள். அவரை எடுத்துவிட்டால் முப்பத்துநான்கு. இரண்டுக்குப் பதினேழு. பொதுக் காரணி ஒன்றுதான். கோலம் ஒரே இழையில் அழகாக மூடியது. அவர் இல்லாமலும் மூடியது.

யாரும் பேசவில்லை. மாங்காய் ஒன்று விழுந்த சத்தம்கூடக் கேட்டது. அதன்பின் அந்தப் பையன், முதல் நாள் ஊர் நாலாகப் பிரிந்துவிட்டது என்று சொன்னவன், தலையைத் தூக்காமல் சொன்னான்: "மூடுகிறதுதான். ஆனால் தண்ணீருக்குத் தெரியும்."

அன்றுதான் நீர்க்கட்டின் முதல் விதி பிறந்தது. வரைவதற்கு இறுதியாகத் தோன்றிய விதி. நூலில் முதல் விதியாக நிற்கிறது. எண் உண்மையாக இருக்க வேண்டும். கணக்குச் சரிவந்தால் போதாது. இறந்தார் என்று தெரியாத ஒருவரை எடுத்துவிட்டு வரைந்தால், இழை எவ்வளவு ஒழுங்காக மூடினாலும் தண்ணீர் போய்விடும். அப்படியானால் அவருக்கு மாவால் புள்ளி வைப்பதா? இருக்கிறார் என்றும் தெரியாதே. நீண்ட நேரம் பேசி, விரலால் மண்ணில் ஒரு சிறு குழி வைத்தார்கள். மாவு இல்லாத புள்ளி. இழை அதையும் சுற்றிப் போகும், செவ்வகத்தில் அதற்கும் இடம் உண்டு. நடுவில் வைக்கலாம் என்றார்கள் சிலர். வேண்டாம், அவர் எங்கே நிற்பாரோ அங்கேயே என்று முடிவாயிற்று. மூன்றாம் நிரையில் மூன்றாம் இடம். அவருடைய தாய்க்கும் தங்கைக்கும் நடுவில்.

இப்போது சொல்லுங்கள், யார் எண்ணப் போகிறார்கள்?

மாய வடிவம் என்று நாம் எழுதுகிறவற்றில் எனக்குத் தெரிந்த பெரிய குறை இதுதான்: அவை பிழையாகிப்போக முடியாதவை. நாயகன் கையை நீட்டுகிறான், தரையில் வட்டம் தோன்றுகிறது, ஒளி பாய்கிறது. வட்டத்தில் ஒரு கோடு குறைந்திருந்தால் என்ன நடந்திருக்கும் என்று கேட்டால் எழுதியவருக்கே விடை தெரியாது. எந்தக் கோடு எதற்கு என்று அவர் யோசிக்கவே இல்லை. தவறாகப் போட முடியாத கோலத்துக்கு என்ன வல்லமை இருக்க முடியும்? சரியாகப் போட்டவருக்கு அதில் என்ன பெருமை? தவறிவிடுமோ என்ற பயம் வரைபவரின் கையில் இல்லாவிட்டால், வாசிப்பவரின் நெஞ்சில் அது எப்படி வரும்?

பசிபிக் கடலில் உள்ள வனுவாட்டு நாட்டின் மலெக்குலாத் தீவில் ஒரு பழைய நம்பிக்கை இருந்தது. இங்கிலாந்திலிருந்து சென்ற மானிடவியலாளர் பெர்னார்ட் டீக்கன் 1920களில் அதைப் பதிவுசெய்தார். இறந்தவரின் ஆவி மறுவுலகுக்குப் போகும் வழியில் ஒரு காவல் தெய்வம் உட்கார்ந்திருக்கிறது. அதன் முன்னால் மணலில் ஒரு வடிவம் வரையப்பட்டிருக்கும். ஆவி கிட்டே வந்ததும் அந்தத் தெய்வம் வடிவத்தின் பாதியை அழித்துவிடும். உயிரோடு இருந்தபோது அதைக் கற்றிருந்தவர் மிச்சத்தை வரைந்து முடித்து, அதன் நடுவே வழி கண்டு கடந்து போவார். கற்காதவரை அந்தத் தெய்வம் தின்றுவிடும். வனுவாட்டு மணற்கோலங்கள் 2008 முதல் யுனெஸ்கோவின் பட்டியலில் இருக்கின்றன. பாருங்கள், அந்தக் கதையில் ஓர் ஒளிக்கீற்றுக்கூட இல்லை. விரலும் மணலும் நினைவும்தான். ஆனால் எங்கள் பிள்ளைகளுக்கு இதைச் சொன்ன இரவு, ஒருத்தி படுக்கையில் கிடந்து காற்றில் விரலால் நீர்க்கட்டை வரைந்து பழகினாள் என்று அவளுடைய தாய் மறுநாள் சொன்னார்.

அவ்வளவு தூரம் போகவும் வேண்டாம். வைகாசியில் வற்றாப்பளைக் கண்ணகி அம்மன் பொங்கல் வருகிறது. முல்லைத்தீவுக் கடலில் தீர்த்தம் எடுத்து, முள்ளியவளை காட்டா விநாயகர் கோயிலில் அந்த உப்பு நீரில் விளக்கேற்றி, பிறகு வற்றாப்பளைக்குக் கொண்டுவருவார்கள். உப்பு நீரில் விளக்கு எரிகிறது என்பதைப் பெரிய செய்தியாகச் சொல்கிறவர்கள், அதற்கு முன்னால் இருக்கும் ஒழுங்கைச் சொல்ல மறந்துவிடுகிறார்கள். எந்த நாளில் எடுப்பது, யார் எடுப்பது, எந்த வழியாக வருவது, எந்தக் கோயிலில் முதலில் வைப்பது. அந்த ஒழுங்கை எடுத்துவிட்டால் சாமான்யக் கடல்நீர்தான் மிஞ்சும். களவெட்டியிலும், அதாவது நெற்களத்திலும், அப்படித்தான். சூடு மிதிக்கும்போது நெல்லைப் 'பொலி' என்பார்கள். வீட்டில் புழங்குகிற சொற்கள் சில அங்கே வாய்க்கு வரக் கூடாது என்று எங்கள் அம்மம்மா அடக்குவார். களவெட்டிக்குள் கால் வைத்ததும் பேச்சே மாறிவிடும். ஒரு வெறும் நிலத்தைப் புனிதமான இடமாக மாற்றுவது எப்படி என்று அறிய விரும்புகிற எழுத்தாளருக்கு இதைவிடப் பெரிய பாடம் எங்கே கிடைக்கும்?

ஒரு வடிவத்துக்கு உயிர்மேல் அதிகாரம் இருக்கலாம் என்பதை நான் கற்றது கோயிலிலும் அல்ல, வயலிலும் அல்ல. முகாமிலிருந்து திரும்பி வந்தபோது எங்கள் வளவுக்குள் எங்களால் போக முடியவில்லை. கண்ணிவெடி அகற்றுபவர்கள் நிலத்தைக் கயிறுகளால் கட்டம் கட்டமாகப் பிரித்திருந்தார்கள். தலையில் சிவப்புப் பூசிய குச்சிகள் நிரையாக நின்றன. அந்தக் கோடுகளுக்குள் முகக்கவசம் அணிந்தவர்கள் குந்தியிருந்து, ஒரு சாண் நிலத்தைத் துப்புரவாக்கிவிட்டு அடுத்த சாணுக்குப் போனார்கள். குச்சிக்கு இந்தப் பக்கம் நின்றால் உயிர், அந்தப் பக்கம் ஓர் அடி வைத்தால் கால் இல்லை. நானும் தம்பியும் நாட்கணக்காக அந்தக் கட்டங்களைப் பார்த்துக்கொண்டு நின்றோம். எந்த மந்திரப் புத்தகத்திலும் அப்படி ஒரு வடிவத்தை நான் கண்டதில்லை. ஒவ்வொரு கோடும் எதற்காக என்று ஐந்து வயதுப் பிள்ளைக்கும் தெரிந்திருந்தது.

அம்மம்மா முகாமில் இருந்த காலம் முழுவதும் கோலம் போடவில்லை. தறப்பாள் கொட்டிலுக்கு முன்னால் ஓரடி நிலம் இருந்தது. தைப்பொங்கலும் வந்தது. "இது எங்கள் முற்றம் இல்லைப் பிள்ளை" என்று மட்டும் சொன்னார். எங்கள் பக்கத்தில் தமிழ்நாட்டைப் போல ஒவ்வொரு விடியலிலும் வாசலில் கோலம் விழுவதில்லை, நல்ல நாள் பெருநாளுக்குத்தான். அதனால் அந்த நாளுக்கு ஒரு கனம் உண்டு. குச்சிகளைப் பிடுங்கி, நிலம் உங்களுடையது என்று சொல்லிவிட்டுப் போன பிறகு வந்த முதல் தைப்பொங்கலுக்கு அம்மம்மா முற்றத்தைச் சாணத்தால் மெழுகினார். வீடு இல்லை, சுவர்களில் பாதிதான் நின்றன. உரலும் போய்விட்டது. யாரிடமோ ஓர் உலக்கையை இரவல் வாங்கி வந்து நிலத்தில் கிடத்தி, அதன் ஓரமாக அரிசிமாவைத் தூவி நேர்கோடு இழுத்தார். உலக்கையைத் திருப்பிப் போட்டு அடுத்த கோடு. ஒரு சதுரம், அதற்கு வாசல்கள். நடுவில் மூன்று கல் வைத்துப் பானை ஏற்றினோம். கட்டம் கட்டமாகக் கயிறு ஓடிய அதே நிலத்தில் அந்த வெள்ளைச் சதுரத்தைப் பார்த்தபோது எனக்கு உடம்பெல்லாம் நடுங்கியது. இடம் என்பது கோலத்தின் ஒரு பகுதி. படத்தைப் பெயர்த்தெடுத்து எங்கு வேண்டுமானாலும் ஒட்டலாம் என்று நினைக்கிறவர்களுக்கு இதை எப்படிச் சொல்வேன்?

இன்னொரு வேண்டுகோள், சிறீ சக்கரத்தைப் பற்றி. எடுத்துக் கையாள ஆயத்தமாகக் கிடக்கிறது என்பதால் மாய வாசல்களுக்கும் வில்லன்களின் கோட்டைத் தரைக்கும் அதைப் போடுகிறீர்கள். மேல்நோக்கிய நான்கு முக்கோணங்களும் கீழ்நோக்கிய ஐந்தும் ஒன்றுக்குள் ஒன்று புகுந்து நாற்பத்துமூன்று சிறு முக்கோணங்களாகின்றன. சுற்றிவர எட்டு இதழும் பதினாறு இதழும், வெளியே நான்கு வாசல் கொண்ட சதுரம், நடுவில் பிந்து என்ற புள்ளி. மூன்று கோடுகள் ஒரே புள்ளியில் சந்திக்க வேண்டிய இடங்கள் பல இருக்கின்றன, ஒன்று சற்று விலகினால் மற்றவையும் விலகும். அளவுகோலும் கவராயமும் வைத்து வரைந்து பாருங்கள், எவ்வளவு கடினம் என்று தெரியும். நீங்கள் ஒட்டுகிற படங்களில் அந்தச் சந்திப்புகள் பெரும்பாலும் பிசகியே இருக்கின்றன. ஆனால் என் மனவருத்தம் கணக்கைப் பற்றியது மட்டும் அல்ல. அது இன்றைக்கும் ஒருவர் விளக்கேற்றி, ஒன்பது ஆவரணங்களையும் (சுற்றுகளையும்) முறையாக வணங்குகிற வடிவம். உயிரோடு இருக்கிற வழிபாட்டை வெடித்துச் சிதறும் காட்சிக்குப் பின்னணியாக்காதீர்கள். கோயிலில் மூலமூர்த்திக்கு அடியில் வைக்கும் யந்திரத் தகட்டுக்கும், பிள்ளையின் இடுப்பில் கட்டும் அச்சரக்கூட்டுக்குள் சுருட்டி வைத்த தகட்டுக்கும் இதையேதான் சொல்வேன். அவற்றிலிருந்து கற்றுக்கொள்ளுங்கள். ஒளித்து வைத்தல் என்ற பண்பைக் கற்றுக்கொள்ளுங்கள்: நம் ஊரில் மிகுந்த வல்லமை உள்ள வடிவம் யார் கண்ணிலும் படாத இடத்தில்தான் இருக்கிறது. கற்றுக்கொண்டு உங்களுடைய வடிவத்தைப் புதிதாகக் கட்டுங்கள்.

புதிதாகக் கட்டும்போது தொழில்முறை ஓவியத்தில் தொடங்க வேண்டாம் என்று கெஞ்சிக் கேட்கிறேன். சில நொடிகளில் கோலம் தீட்டித் தருகிற கணினிகளும் இப்போது வந்துவிட்டன. அவை தருகிற சிக்குக் கோலங்களில் இழை எங்கோ தொடங்கி எங்கோ காணாமல் போகிறது, புள்ளிகள் வளைவுக்கு வெளியே அநாதையாக நிற்கின்றன. பார்வைக்குக் கோலம், கையால் தொடர்ந்தால் கோலம் இல்லை. ஒரு பிடி மாவும் ஒரு பிள்ளையும் போதும். புள்ளி எதைக் குறிக்கிறது என்று அந்தப் பிள்ளையிடம் கேளுங்கள். அது சொல்லும் விடையைப் பிடித்துக்கொண்டு கடைசிவரை போங்கள். புள்ளி விதைநெல்லாக இருக்கலாம், வாக்குறுதியாக இருக்கலாம், வெட்டப்பட்ட பாலை மரமாக இருக்கலாம். எதுவானாலும் ஒன்று கூடினால் என்ன ஆகும், ஒன்று குறைந்தால் என்ன ஆகும் என்பதை வாசகர் தம் வீட்டு முற்றத்தில் தாமே போட்டுப் பார்த்துத் தெரிந்துகொள்ளும்படி எழுதுங்கள். முப்பத்தேழு பேரானால் நீர்க்கட்டு என்ன வடிவம் எடுக்கும் தெரியுமா? முப்பத்தேழு முதன்மை எண், ஒன்றாலும் தன்னாலும் மட்டுமே வகுபடும். ஊர் முழுவதும் குளக்கட்டின் நீளத்துக்கு ஒற்றை நிரையில் நிற்கும், இழை முறுக்கிய வடம் போல ஓடிப்போய்த் திரும்பி வரும். எங்கள் பிள்ளைகள் அந்த நாளுக்காகக் காத்திருக்கிறார்கள்.

அட்டைப்படத்தைப் பற்றி முடிவு சொல்ல வேண்டும். பதிப்பிக்க முன்வந்தவரோடு மறுபடி பேசினேன். ஒரு சனிக்கிழமை வந்து மாமரத்தடியில் இருந்தார். ஏழாம் தரத்துப் பிள்ளை அவருடைய கையைப் பிடித்து, முப்பத்தைந்து புள்ளியையும் ஒவ்வொன்றாகப் பெயர் சொல்லிக் காட்டினாள். மூன்றாம் நிரையில் மூன்றாவது இடத்துக்கு வந்ததும், அவளாகச் சொல்லும்வரை அவர் எதுவும் கேட்கவில்லை. பழைய அட்டை வேண்டாம் என்று அவரே சொன்னார். புதிய அட்டையை மணலில் போட்டுப் படம் பிடித்து அனுப்பப் போகிறோம்: ஐந்து நிரை, ஏழு நிரல், ஓர் இழை, பதினேழாவது புள்ளி குழி.

இரண்டாம் நூலில் ஒரு குழந்தை பிறக்கிறது. அப்போது முப்பத்தாறு பேர், சதுரமாக ஆறுக்கு ஆறு வைத்தால் ஆறு இழைகள். ஊர் ஒன்றாக ஐந்து இடங்களில் இழையைத் திருப்ப வேண்டும், ஐந்து வேலிகள் விழ வேண்டும். நான்கு எழுதிவிட்டார்கள். ஐந்தாவது இடத்தில் குழிப் புள்ளியும் அவருடைய தாயும் பக்கத்தில் பக்கத்தில் நிற்கிறார்கள். அந்தத் தாய்க்கும் திரும்பி வராதவருக்கும் நடுவே எதை எடுப்பது என்று இன்னும் பேசிக்கொண்டிருக்கிறோம்.

அன்புடன்,
வன்னியிலிருந்து ஒரு கணித ஆசிரியை